‘மல்லீஸ்வரி’ தந்த பி. என். ரெட்டி

வேதியியல் பயிலும் மாணவன் திரைப்படக் கலைஞர் ஒருவரின் வரலாற்றை எழுத முற்படுவது ஏன் என்று நம் மன்றத்து நண்பர்கள் கேட்கக்கூடும். கேட்பது முறையே. ஆய்வுக்கூடத்துக்கும் விடுதி உணவுக்கூடத்துக்கும் இடையே நாளைக் கழிப்பவன் நான். கலையைப் பற்றித் தீர்ப்புக் கூறும் துணிவு எனக்கு இல்லை. ஆனால் ஐதராபாத்துக்கு வந்து ஓராண்டுக்கு மேலாகிறது. தெலுங்கு நண்பர்களோடு உண்டும் உரையாடியும் வாழ்கிறேன். ஒரு மக்களோடு சேர்ந்து வாழும்போது அவர்கள் மொழியைக் காது கற்றுக்கொள்கிறது. அவர்கள் எதற்குச் சிரிக்கிறார்கள், எதற்குக் கண்கலங்குகிறார்கள் என்பதை அவர்களுடைய படங்கள் கற்பிக்கின்றன.

எங்கள் விடுதியில் இரவு உணவுக்குப் பின் அடிக்கடி எழும் வழக்கு ஒன்று உண்டு. காதலித்து மணப்பதா, பெற்றோர் பார்த்து முடிப்பதை ஏற்பதா என்பதே அது. மராத்தியரும் மலையாளியும் தெலுங்கரும் தமிழரும் கலந்துகொள்ளும் இவ்வழக்கில் இதுவரை எவரும் வென்றதில்லை. அண்மையில் ஒருநாள், பேச்சு முற்றிய நேரத்தில், கடப்பை மாவட்டத்து நண்பர் ஒருவர் வாதத்தை விட்டுவிட்டுத் தம் மடிக்கணினியைத் திறந்து, 1951இல் வந்த ‘மல்லீஸ்வரி’ என்னும் தெலுங்குப் படத்தைப் போட்டுக் காட்டினார். அதே வாரத்தில்தான் என் வீட்டிலிருந்தும் ஒரு செய்தி வந்திருந்தது. இளங்கலை இறுதியாண்டு பயிலும் என் தங்கைக்கு நல்ல இடம் ஒன்று வந்திருக்கிறது, பெரிய இடம், அவள் கொடுத்து வைத்தவள் என்று அம்மா தொலைபேசியில் மகிழ்ந்தார். நானும் மகிழ்ந்தேன். படம் முடிந்தபோது அந்த மகிழ்ச்சி அப்படியே இருக்கவில்லை. அந்தப் படத்தை எடுத்தவர் யார் என்று தேடத் தொடங்கினேன். தேடிக் கண்டவற்றை உங்கள்முன் வைக்கிறேன்.

பொம்மிரெட்டி நரசிம்ம ரெட்டி, 1908ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள் கடப்பை மாவட்டம் புலிவெந்துலாப் பகுதியைச் சேர்ந்த கொத்தப்பள்ளி என்னும் சிற்றூரில் பிறந்தார். மழை குறைந்த இராயலசீமை மண் அது. பயிர்த் தொழிலோடு வணிகமும் செய்த குடும்பம். அந்நாளில் ஆந்திரம் சென்னை மாகாணத்தின் பகுதி. ஆதலால் படிப்புக்கும் தொழிலுக்கும் தெலுங்கர் நோக்கிய பெருநகரம் சென்னையே. ரெட்டியார் குடும்பமும் சென்னைக்கு வந்தது. தம்பி நாகி ரெட்டியோடு சேர்ந்து பி. என். ரெட்டி அங்கே அச்சகம் நடத்தினார். அச்சுத் தொழில் செய்தவருக்கு எழுத்தின்மீதும் நாட்டு விடுதலையின்மீதும் பற்று உண்டானதில் வியப்பில்லை. கண்ணுக்கு உகந்ததாகவும் பிழையற்றதாகவும் ஒரு பக்கத்தை அமைக்கும் பழக்கமும் அங்கிருந்தே வந்திருக்க வேண்டும். பின்னாளில் அவர் எடுத்த படங்களில் ஒவ்வொரு காட்சியும் பக்குவமாக அடுக்கப்பட்ட பக்கம்போல் இருப்பதைக் காணலாம்.

அவரைப் படவுலகத்துக்குள் கொண்டுவந்தவர் எச். எம். ரெட்டி. தமிழர்களாகிய நாம் இப்பெயரை மறக்கலாகாது. 1931இல் வெளிவந்த நம் முதல் பேசும் படமான ‘காளிதாஸ்’ அவர் இயக்கியதே. தெலுங்கின் முதல் பேசும் படமான ‘பக்த பிரகலாதா’வும் அவர் கைவண்ணமே. அவரோடு கூட்டாளியாகச் சேர்ந்து 1938இல் ‘கிருகலட்சுமி’ என்ற படத்தின் ஆக்கத்தில் பி. என். ரெட்டி பங்குகொண்டார். சித்தூர் வி. நாகையா திரைக்கு அறிமுகமானது அந்தப் படத்தில்தான். அதன்பின் தம் கருத்துப்படி படமெடுக்க வேண்டும் என்ற ஆவலால் பி. என். ரெட்டி தனியே பிரிந்தார். மூலா நாராயணசாமி என்னும் செல்வரின் துணையோடு வாஹினி நிறுவனம் பிறந்தது. ஒளிப்பதிவுக்கும் திரைக்கதைக்கும் கே. ராம்நாத், கலைக்கு ஏ. கே. சேகர், எழுத்துக்கு சமுத்திராலா, நடிப்புக்கும் இசைக்கும் நாகையா என ஒரு குழு அமைந்தது. இதே ராம்நாத்தான் பின்னாளில் தமிழில் ‘ஏழை படும் பாடு’, ‘மர்மயோகி’ ஆகிய படங்களை இயக்கியவர். தமிழும் தெலுங்கும் ஒரே கூடத்தில் உழைத்த காலம் அது.

அக்காலத்துத் தெலுங்குப் படங்களில் பெரும்பாலானவை புராணக் கதைகள். கண்ணன் பாடுவான்; திரௌபதி அழுவாள்; மக்கள் கைகூப்புவார்கள். அந்நிலையில் கூடவல்லி ராமபிரம்மம் 1938இல் ‘மாலபிள்ளா’ என்ற படத்தில் அந்தணர் குல இளைஞன் தாழ்த்தப்பட்ட குலத்துப் பெண்ணைக் காதலிக்கும் கதையைக் காட்டித் தெலுங்கு நாட்டையே கலக்கினார். அதற்கு அடுத்த ஆண்டு வெளிவந்தது பி. என். ரெட்டியின் முதற்படமாகிய ‘வந்தே மாதரம்’. பெயர் நாட்டு விடுதலையைச் சொல்கிறது. கதையோ வீட்டைச் சொல்கிறது. அதற்கு முதலில் எண்ணியிருந்த பெயரும் ‘மங்கள சூத்திரம்’ என்பதே. படித்தும் வேலை கிடைக்காத இளைஞன் தாயின் விருப்பத்தை மீறி ஒருத்தியை மணக்கிறான். பிழைப்புத் தேடி நகரம் செல்கிறான். வீட்டில் இருக்கும் மனைவியோ மாமியாரின் கொடுமைக்கு ஆளாகிறாள். காதலித்து மணந்தால் எல்லாம் முடிந்துவிட்டது என்று அவர் கதை சொல்லவில்லை. மணத்துக்குப் பிறகு அடுப்பங்கரையில் நடப்பது என்ன என்று கேட்டார். வேலையின்மையும் வரதட்சிணையும் காதலின் கழுத்தை நெரிக்கும் கயிறுகள் என்று 1939இலேயே காட்டினார்.

இங்கே தெலுங்கு நாட்டின் மணவழக்கைப் பற்றிச் சிறிது கூறுவது தேவை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அங்கே சில குடும்பங்களில் ‘கன்யாசுல்கம்’ என்ற கொடுமை இருந்தது. பெண்ணுக்கு விலை பெற்றுக்கொண்டு, சிறுமியைக் கிழவருக்குக் கட்டிவைப்பார்கள். கிழவர் இறந்ததும் அச்சிறுமி வாழ்நாள் முழுதும் விதவை. குரஜாட அப்பாராவ் இவ்வழக்கைச் சாடி எழுதிய ‘கன்யாசுல்கம்’ நாடகம் 1892இல் முதன்முதல் மேடையேறியது. அதற்கு முன்பே கந்துகூரி வீரேசலிங்கம் 1881 டிசம்பர் 11இல் இராஜமந்திரியில் விதவை மறுமணம் ஒன்றை நடத்திவைத்தார். விதவை மறுமணச் சட்டம் 1856இலேயே வந்துவிட்டது. ஆயினும் சட்டம் ஏட்டில் இருந்தது. பெண் மூலையில் இருந்தாள். பின்னர்ப் பெண்ணுக்கு விலை வாங்கிய வழக்கம் மறைந்து, மாப்பிள்ளைக்கு விலை கொடுக்கும் வழக்கம் பரவியது. பணம் போகும் திசைதான் மாறியது. இரண்டிலும் பெண்ணின் விருப்பம் கேட்கப்படவில்லை.

இந்தப் பின்னணியில்தான் பி. என். ரெட்டி 1940இல் ‘சுமங்கலி’ எடுத்தார். விதவை மறுமணமே அதன் பொருள். அதில் நாகையா ஏற்ற முதிய சீர்திருத்தக்காரர் வேடம் வீரேசலிங்கத்தை நினைவூட்டுவதாக அமைந்தது. அப்போது நாகையாவுக்கு வயது முப்பத்தைந்தைச் சுற்றியே இருக்கும். முதல் படத்தில் கதாநாயகனாக வெற்றி கண்டவரை அடுத்த படத்திலேயே நரைத்த தலையோடு நிறுத்துவதற்குத் துணிவு வேண்டும்.

1941இல் வந்த ‘தேவதா’ இன்னும் ஒருபடி மேலே சென்றது. படித்துப் பட்டம் பெற்ற செல்வர் வீட்டு மகன், தன் வீட்டு வேலைக்காரப் பெண்ணை மணப்பதாக நம்பவைத்து ஏமாற்றுகிறான். பிறகு பணக்காரப் பெண்ணை அவனுக்கு நிச்சயிக்கிறார்கள். வேலைக்காரப் பெண் குழந்தையோடு தெருவில் நிற்கிறாள். படத்தின் பெயரைக் கவனியுங்கள். தேவதை என்று இயக்குநர் பெயர் சூட்டியது மாளிகையில் வாழ்பவளுக்கு அல்ல; அந்த வேலைக்காரப் பெண்ணுக்கே. குலத்தையும் சொத்தையும் தூக்கிப் பார்த்து மணம் முடிப்பவர்கள் முகத்தில் அறைந்தாற்போன்ற பெயர்.

போரின் காரணமாகப் படமெடுப்பது கடினமாகியிருந்த நாட்கள் அடுத்து வந்தன. 1945இல் ‘சுவர்க்க சீமா’ வெளிவந்தது. பத்திரிகைத் துறையில் இருக்கும் ஒருவன் அன்பான மனைவியை விட்டுவிட்டு, தெருவில் ஆடிப் பிழைத்து நாடகமேடையில் புகழ்பெற்ற ஒருத்தியின் பின்னால் செல்வதும், இறுதியில் வீடு திரும்புவதும் கதை. கண்டசாலா முதன்முதலாகப் பின்னணி பாடியது இப்படத்தில்தான். மேடைக்காரியாக நடித்தவர் பானுமதி.

பானுமதியை நமக்கு நன்கு தெரியும். ‘அலிபாபாவும் நாற்பது திருடர்களும்’, ‘நாடோடி மன்னன்’, ‘அன்னை’ ஆகிய படங்களை நம் பாட்டிமார் இன்றும் பேசுகிறார்கள். அவருடைய சொந்த வாழ்வு ஒரு காதல் கதை. ‘கிருஷ்ண பிரேமா’ படப்பிடிப்பில் உதவி இயக்குநராக இருந்த இராமகிருஷ்ணாவை அவர் விரும்பினார். வசதியில்லாத இளைஞர் என்று தந்தைக்கு முதலில் மனமில்லை. பானுமதி தம் விருப்பத்தில் உறுதியாக நின்றார். 1943 ஆகஸ்டு மாதம் திருமணம் நடந்தது. அதன்பின் நடிப்பையே விட்டுவிட்டு இல்லறம் நடத்துவது என்று முடிவு செய்திருந்தார். அவரையும் அவர் கணவரையும் இசைய வைத்து ‘சுவர்க்க சீமா’வில் நடிக்க அழைத்துவந்தவர் பி. என். ரெட்டி. இதில் ஒரு முரண் இருக்கிறது. படத்தில் மனைவி பொறுமையாகக் காத்திருக்கிறாள். பிழை செய்து திரும்பியவனை ஏற்றுக்கொள்கிறாள். அப்பொறுமையைப் படம் போற்றுகிறது. ஆனால் அப்படத்தில் எதிர்வேடம் ஏற்ற நடிகையோ, தம் வாழ்வில் எவர் வாக்குக்கும் காத்திராமல், வேண்டியதை வாய்திறந்து கேட்டுப் பெற்றவர். திரையில் காட்ட இயலாததை அந்நாளில் ஒரு பெண் வாழ்ந்து காட்டினார். நம் இயக்குநரின் எல்லை இது என்று சொல்ல வேண்டும். பெண்ணின் துயரத்தை அவர் ஆழ்ந்து உணர்ந்தார். அத்துயரத்தை அவள் தானே உதறி எழுவதைக் காட்ட அவருக்குத் தயக்கம் இருந்தது.

போர் முடிந்தது, நாடு விடுதலை பெற்றது. வடபழனியில் வாஹினி படப்பிடிப்பு நிலையம் 1948இல் எழுந்தது. நம்மில் சென்னையிலிருந்து வந்தவர்கள் அவ்விடத்தை நன்கு அறிவார்கள். இன்று அங்கே மருத்துவமனையும் வணிக வளாகமும் நிற்கின்றன. பின்னர் அந்நிலையத்தின் பொறுப்பு நாகி ரெட்டி கைக்கு வந்தது. நண்பர் சக்கரபாணியுடன் சேர்ந்து ‘சந்தமாமா’ இதழைத் தொடங்கியவர் அவர். நாம் ‘அம்புலிமாமா’ என்று படித்தது அதுவே. அவ்விருவரும் விஜயா நிறுவனத்தின் பெயரில் 1951இல் ‘பாதாள பைரவி’யை எடுத்தார்கள். மந்திரவாதியும் மாயச் சிலையும் நிறைந்த அப்படம் பெருவெற்றி பெற்றது. கதாநாயகன் என். டி. ராமராவ். அதே ஆண்டின் இறுதியில், அதே ராமராவை வைத்து, மந்திரமும் மாயமும் இல்லாத ஒரு படத்தை அண்ணன் வெளியிட்டார். அதுவே ‘மல்லீஸ்வரி’.

ஹம்பியின் இடிபாடுகளைக் கண்டபோது கிருஷ்ணதேவராயர் காலத்தைத் திரையில் எழுப்ப வேண்டும் என்ற எண்ணம் பி. என். ரெட்டியின் உள்ளத்தில் விழுந்தது. புச்சிபாபு எழுதிய நாடகம் ஒன்றும் வேறொரு சிறுகதையும் கதைக்கு விதையாயின. உரையாடலும் பாடலும் எழுத தேவுலபல்லி கிருஷ்ணசாஸ்திரியை அழைத்தார். தெலுங்கில் ‘பாவ கவித்துவம்’ என்ற காதற்கவிதை இயக்கத்தின் தலைசிறந்த கவிஞர் அவர். திரைப்படத்துக்கு அவர் எழுதியது அதுவே முதல்முறை. சாலூரி ராஜேஸ்வரராவ் இசையமைத்தார். பானுமதி மல்லியாக நடித்தார்.

கதை இதுதான். மல்லியும் நாகராஜுவும் ஒரே சிற்றூரில் ஒன்றாக வளர்ந்தவர்கள். அவன் அவளுக்கு முறைப்பையன். நம் ஊர் வழக்கப்படி பார்த்தாலும் மணத்துக்குத் தடையே இல்லை. குலம் ஒன்று, உறவு முறை உண்டு, இருவர் உள்ளமும் ஒன்று. ஆனால் நாகராஜு ஏழை. மல்லியின் தாய் நாகம்மாவுக்கு அது போதாது. பொருளீட்டி வா, பிறகு பார்க்கலாம் என்ற நிலையில் அவன் ஊரைவிட்டுப் போகிறான். இதற்கு முன்பே ஒரு மழைநாளில் பாழ்மண்டபம் ஒன்றில் இருவரும் ஒதுங்கியிருந்தபோது, மாறுவேடத்தில் வந்த மன்னரும் அவைப்புலவர் பெத்தனாவும் மல்லியின் ஆடலையும் பாடலையும் கண்டு மகிழ்ந்தார்கள். வந்தவர் மன்னர் என்று அறியாத நாகராஜு, மல்லியை அழைத்துவர அரண்மனையிலிருந்து பல்லக்கு அனுப்பச் சொல்லுமாறு விளையாட்டாகக் கேட்டுவிட்டான்.

விளையாட்டு வினையாயிற்று. அவன் ஊரில் இல்லாத வேளையில் பல்லக்கு வந்து வாசலில் நிற்கிறது. பொன்னும் பட்டும் வருகின்றன. ஊரே திரண்டு வந்து வியக்கிறது. தாய்க்குத் தலைகால் புரியவில்லை. அரசரின் அந்தப்புரத்துக்கு மகள் போகிறாள் என்றால் அதைவிட என்ன பெருமை வேண்டும்? மல்லியைப் பல்லக்கில் ஏற்றி அனுப்புகிறார்கள். நாகராஜு பொருளோடு திரும்பி வருகிறான். வீடு வெறிச்சோடிக் கிடக்கிறது. அதன்பின் அவன் கல்லில் வடிக்கும் ஒவ்வொரு சிலைக்கும் மல்லியின் முகமே அமைகிறது. அந்தச் சிற்பத்திறனே அவனையும் தலைநகருக்கு இழுத்து வருகிறது. அந்தப்புரப் பெண்ணை வெளியார் ஒருவன் சந்தித்தால் மரண தண்டனை என்பது அங்கே சட்டம். இருவரும் சந்திக்கிறார்கள், பிடிபடுகிறார்கள். இறுதியில் பழைய மழைநாளின் உண்மை மன்னருக்கு விளங்குகிறது. இருவரையும் மன்னித்து வாழ்த்தி விடுகிறார்.

இப்படத்தில் கொடியவர் எவரும் இல்லை என்பதைக் கவனித்தீர்களா? மன்னர் நல்லவர். நாகம்மா மகளின்மீது உயிரை வைத்திருப்பவள். மகள் நல்ல நிலையில் வாழவேண்டும் என்பதைத் தவிர அவள் வேறொன்றும் விரும்பவில்லை. நாகராஜு உண்மையான காதலன். ஆனால் நடந்தது என்ன? காதலன் அவளைக் கேட்காமல் பல்லக்குக்குச் சொன்னான். மன்னர் அவளைக் கேட்காமல் பல்லக்கை அனுப்பினார். தாய் அவளைக் கேட்காமல் பல்லக்கில் ஏற்றினாள். மூவருமே அவளிடம் அன்புடையவர்கள். ஒருவருமே அவளிடம் அந்த ஒரு வார்த்தையைக் கேட்கவில்லை. காதல் மணமா, பெரியோர் செய்யும் மணமா என்று நாங்கள் விடுதியில் இரவிரவாக வழக்காடுகிறோம். அந்த வழக்கே பிழையானது என்று எனக்குத் தோன்றிவிட்டது. பெண்ணைக் கேட்டார்களா இல்லையா என்பதே உண்மையான வழக்கு. கேளாமல் செய்தால், அனுப்பியவன் காதலனானால் என்ன, அரசனானால் என்ன?

‘மல்லீஸ்வரி’க்குப் ‘பாதாள பைரவி’யைப் போன்ற ஆரவாரம் வாய்க்கவில்லை. ஆனால் ஆண்டுகள் செல்லச் செல்ல அதன் பெருமை வளர்ந்தது. 1953இல் சீனமொழி வரிகளோடு பீக்கிங் நகரிலும் அது திரையிடப்பட்டது. தெலுங்கு நண்பர்கள் இன்றும் அதன் பாடல்களைத் தொடங்கினால் நிறுத்துவதில்லை.

தம்பியின் நிறுவனமும் மணத்தைப் பற்றிப் படங்கள் எடுத்தது. ஆனால் வழி வேறு. 1952இல் வரதட்சிணையை நகையாடி வந்த படம் தெலுங்கில் ‘பெள்ளி சேசி சூடு’, தமிழில் ‘கல்யாணம் பண்ணிப்பார்’. 1955இல் வேலைக்காகக் கணவன் மனைவியாக நடிக்கும் இருவரின் கதை தெலுங்கில் ‘மிஸ்ஸம்மா’, தமிழில் ‘மிஸ்ஸியம்மா’. இரண்டையும் இயக்கியவர் எல். வி. பிரசாத். தம்பி சிரிக்கவைத்துச் சொன்னதை அண்ணன் மனம் வருந்தச் சொன்னார். இரண்டும் ஒரே வளாகத்தில் பிறந்தவை என்பது வியப்பே.

1955இல் பி. என். ரெட்டி ‘பங்காரு பாபா’வை எடுத்தார். ஜார்ஜ் எலியட் என்னும் ஆங்கில நாவலாசிரியையின் ‘சைலஸ் மார்னர்’ கதையைத் தழுவியது. செல்வரின் மகன் ஒரு பெண்ணை மறைவாக மணக்கிறான். தந்தைக்கு அஞ்சி அந்த மணத்தை வெளியே சொல்லாமல் மூடிவைக்கிறான். கைவிடப்பட்ட குழந்தையை முரடன் ஒருவன் எடுத்து வளர்க்கிறான். அக்குழந்தை அவனை மனிதனாக்குகிறது. முரடனாக நடித்தவர் எஸ். வி. ரங்காராவ். நம் மாயாபஜார் கடோற்கசனை நாம் மறக்க முடியுமா? இப்படத்துக்குச் சிறந்த தெலுங்குப் படத்துக்கான அரசு விருது கிடைத்தது. இங்கும் துயரத்தின் வேர் பேசாமைதான். ‘மல்லீஸ்வரி’யில் பெண்ணைக் கேட்கவில்லை, இங்கே ஆண் வாய்திறக்கவில்லை. தந்தையின் முன்னால் ஒரு சொல் சொல்லத் துணிவில்லாதவன் காதலித்ததனால் ஓர் உயிர் போயிற்று. ஒரு குழந்தை தெருவில் நின்றது.

அதன்பின் 1957இல் ‘பாக்ய ரேகா’. 1960இல் தெலுங்கிலும் தமிழிலும் ‘ராஜமகுடம்’. 1964இல் ‘பூஜா பலம்’ வந்தது. அதில் அக்கினேனி நாகேஸ்வரராவ் கூச்சம் மிகுந்த பணக்கார இளைஞனாக நடித்தார். சாவித்திரியும் ஜமுனாவும் உடன் நடித்தார்கள். பெண்களிடம் பேசவே நடுங்கும் ஒருவன், காதல் எது என்று அறியாமல் தடுமாறுவதே கதை. 1966இல் சந்திரமோகனை அறிமுகப்படுத்தி எடுத்த ‘ரங்குல ராட்னம்’ தெலுங்கின் சிறந்த படமாக நாட்டளவில் விருது பெற்றது. 1969இல் வந்த ‘பங்காரு பஞ்சரம்’ அவருடைய கடைசிப் படம். அதன் பெயருக்குத் தமிழில் பொற்கூண்டு என்று பொருள்.

முப்பது ஆண்டுகளில் பதினொரு படங்கள்! சிலர் இரண்டே ஆண்டுகளில் அத்தனை எடுத்துவிடுவார்கள். அவரோ ஒரு காட்சிக்கு ஏற்ற ஒளி வரும்வரை காத்திருக்கும் இயல்புடையவர். வாணிகம் அவரை அடிக்கடி கைவிட்டது. ஆயினும் கொள்கையை அவர் விடவில்லை. 1974இல் பத்மபூஷண் விருது பெற்றார். திரைத்துறையின் உயர்ந்த விருதாகிய தாதாசாகேப் பால்கே விருதும் 1974ஆம் ஆண்டுக்கு அவருக்கு வழங்கப்பட்டது. தென்னாட்டிலிருந்து அவ்விருதை முதலில் பெற்றவர் அவரே. 1977ஆம் ஆண்டு நவம்பர் 8ஆம் நாள் அவர் மறைந்தார். எட்டு நாள் சென்றிருந்தால் அறுபத்தொன்பது வயது நிறைந்திருக்கும்.

அவர் மறைந்து நெடுங்காலம் ஆகிவிட்டது. வரதட்சிணைத் தடைச் சட்டம் 1961இலேயே வந்துவிட்டது. வரதட்சிணை இன்னும் போகவில்லை. தெலுங்குப் படங்களில் காதலர்கள் வெளிநாட்டுத் தெருக்களில் ஆடிப்பாடுகிறார்கள். படம் முடியும்போது பெண்ணின் தந்தை தலையசைத்தால்தான் மணம். மல்லிக்கு மன்னர் மன்னிப்பு அளித்ததைப் போன்றதே இதுவும். 2016இல் ‘பெள்ளி சூப்புலு’ என்று ஒரு படம் வந்தது. பெண் பார்ப்பது என்று பொருள். அதுவும் நாட்டளவில் சிறந்த தெலுங்குப் படமாக விருது பெற்றது. பெண் பார்க்க வந்த இளைஞனும் அந்தப் பெண்ணும் ஓர் அறைக்குள் இருக்கும்போது கதவு சிக்கிக்கொள்கிறது. வேறு வழியில்லாமல் இருவரும் மனம்விட்டுப் பேசுகிறார்கள். ‘மல்லீஸ்வரி’ வந்து அறுபத்தைந்து ஆண்டுகளுக்குப் பின்னும், ஓர் ஆணும் பெண்ணும் தம் மணத்தைப் பற்றித் தாமே பேசக் கதவு பழுதாக வேண்டியிருக்கிறது என்று என் கடப்பை நண்பர் சொல்லிச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பெற்றோரைக் குறை கூறுவதற்காக இதை எழுதவில்லை. நாகம்மாவின் கவலையை நான் அறிவேன்; என் அம்மாவின் குரலில் அது இருக்கிறது. பொருளில்லாத வீட்டில் புகுந்து மகள் படும் பாட்டை எண்ணி எந்தத் தாயும் அஞ்சுவாள். காதலித்தவர்கள் எல்லாரும் நன்றாக வாழ்ந்தார்கள் என்றும் நான் சொல்லமாட்டேன். பி. என். ரெட்டியே அப்படிச் சொல்லவில்லை. அவர் படங்கள் எனக்கு உணர்த்தியது ஒன்றே. அன்பு மட்டும் போதாது. அன்புடையவர் கேட்கவும் வேண்டும். கேட்கப்பட்டவர் சொல்வதற்குத் துணியவும் வேண்டும்.

படம் பார்த்த இரவு எனக்கு உறக்கம் வரவில்லை. பல்லக்கு வந்த வாசலில் நின்று வியந்த ஊராரில் நானும் ஒருவன் அல்லவா? பெரிய இடம் என்று அம்மா சொன்னபோது உடனே மகிழ்ந்தேனே, தங்கை என்ன நினைக்கிறாள் என்று ஒரு சொல் கேட்டேனா? மறுநாள் காலை அவளை அழைத்தேன். இந்த இடம் உனக்கு விருப்பமா என்று கேட்டேன். மறுமுனையில் நெடுநேரம் பேச்சில்லை. பிறகு, இதை என்னிடம் கேட்டது அண்ணா நீதான் முதல் ஆள் என்றாள். மேலே படிக்க ஆசைப்படுவதையும், அதை வீட்டில் சொல்ல அஞ்சுவதையும் சொன்னாள். அதை அப்பாவிடம் எடுத்துச் சொல்லும் பொறுப்பை நான் ஏற்றுக்கொண்டேன். முடிவு என்னவாகும் என்று இன்று சொல்ல இயலாது. அப்பா எளிதில் இணங்குபவர் அல்லர்.

நண்பர்களே, விடுமுறைக்கு நாம் எல்லாரும் ஊருக்குப் போகப் போகிறோம். நம்மில் பலருக்கு அக்காவோ தங்கையோ இருப்பார்கள். சிலருக்கு நமக்கே பெண் பார்ப்பார்கள், மாப்பிள்ளை பார்ப்பார்கள். அந்த வேளையில் கொத்தப்பள்ளியில் பிறந்து வடபழனியில் உழைத்து மறைந்த இக்கலைஞரை ஒரு கணம் நினைத்துக்கொள்ளுங்கள். வாசலில் பல்லக்கு வந்து நிற்கும்போது, அதில் ஏறப்போகிறவரிடம் அந்த ஒரு கேள்வியைக் கேளுங்கள்.